ஒரு தலையை மட்டும் எண்ணுகிறவர்கள்



பிரெஞ்சு தேசிய நாளைப் பற்றி நேற்று இதே புதுச்சேரியில் ஒரு படித்த பெரியவர் மேடையேறி, "ஜூலை 14 தலை வெட்டின நாள், அதற்கு விளக்கு ஊர்வலம் ஒரு கேடா?" என்று கேட்டிருக்கிறார். கேட்டதிலிருந்து எனக்குத் தூக்கம் இல்லை.

ஆமாம், 1789இல் அதே நாளில் பாஸ்டில் சிறைக்கோட்டைத் தலைவனின் தலையை ஈட்டியில் குத்திப் பாரீஸ் தெருவில் தூக்கிப்போனார்கள். நான் மறைக்கவில்லை. ஆனால் அன்றைக்குக் கோட்டையைத் தாக்கிச் செத்தவர்கள் 98 பேர்! ஒரு தலை தெரிகிறது, 98 பிணம் தெரியவில்லை என்றால் பெரியவர் போகவேண்டிய இடம் மேடை அல்ல, கண்ணாஸ்பத்திரி!

"உள்ளே இருந்தது 7 கைதிதானே" என்று இன்னொருவர். கைதிக்காகவா போனார்கள்? ராஜா பாரீஸைச் சுற்றிப் பட்டாளத்தை நிறுத்தியிருந்தான், ஊர் மக்கள் வெடிமருந்துக்குப் போனார்கள். போதாததற்கு, முந்தின வருஷம் ஆலங்கட்டி மழையில் பயிர் அழிந்தது. கூலியில் பாதிக்கு மேல் ரொட்டிக்கே சரியாகப் போனது. என் பாட்டி மில் தொழிலாளி பெண்சாதி. "பட்டினியாத் தூங்குற புள்ள வயித்தத் தொட்டுப் பாத்தவளுக்குத்தான் தெரியும்டா" என்பாள். அந்தப் பசி வன்முறை இல்லையா? அதை எந்தக் கணக்கில் எழுதினீர்கள்?

இரத்தத்தைப் பற்றிப் பேசுகிறீர்களா? பேசுவோம்! 1936 ஜூன் மாதம் பிரான்சில் லியோன் புளூம் ஆட்சி, வாரம் 40 மணி நேர வேலை என்று சட்டம் போட்டது. ஜூலை 14 அன்று பாரீஸில் தொழிலாளர் வெள்ளம், பாட்டு, கொடி. சரியாக 16 நாள்! ஜூலை 30 அன்று, பிரெஞ்சு ஆட்சியில் இருந்த இதே ஊரில், சவானா மில்லில், 8 மணி நேர வேலை கேட்ட நம் ஆட்களை அதே மூவர்ணக் கொடியின் துப்பாக்கி சுட்டது. 12 பேர்! அங்கே சட்டம், இங்கே குண்டு. கேட்டது ஒன்றுதானே ஐயா?

200 வருஷத்துக்கு முந்தின ஒரு தலைக்காக உருகுகிற பெரியவர், இந்த 12 பேரைப் பற்றி என்றைக்காவது வாய் திறந்தாரா? 12 பேர்! அந்தக் குண்டுக்கு அப்புறம்தான் 8 மணி நேர வேலை வந்தது. அதை யாரும் தட்டில் வைத்துத் தரவில்லை.

கடற்கரையில் போர் நினைவிடத்துக்கு மாலை போடுகிற, பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்த சொல்தாக்களே, உங்கள் பதக்கத்தை நான் மதிக்கிறேன். விளக்கெடுத்துப் போங்கள், நானும் வருகிறேன், ஜூலை 14 எனக்கும் சொந்தம். ஆனால் அந்த விளக்கை அணைத்துவிடாதீர்கள். 30ஆம் தேதி காலை, சங்கு ஊதுவது நின்றுபோன அந்த மில் வாசலுக்கு அதையே எடுத்து வாருங்கள். நான் 6 மணிக்கே அங்கே நிற்பேன்.