இரண்டு கணக்குகள்
(மல்காஜ்கிரியில் நடந்த அங்கத்தினர் கூட்டத்தில் பேசியது)

நான் பௌதிகம் படித்துவிட்டு, ஆயுசு முழுக்க சர்க்கார் ஃபைல் பார்த்தவன். கலையைக் கூட வரவு செலவாகப் பார்ப்பது என் சுபாவம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

பரதநாட்டியம் என்றால் நம்மவர்கள் முதலில் சொல்லும் பெயர் ஈ. கிருஷ்ணய்யர். 1897ல் கல்லிடைக்குறிச்சியில் பிறந்தவர். சென்னையில் வக்கீல். அந்தத் தொழிலையே விட்டார். பெண் வேஷம் கட்டி மேடையில் ஆடினார். அந்த நாளில் அக்ரஹாரம் என்ன பேசியிருக்கும் என்று நீங்களே ஊகிக்கலாம்! 1931ல் கல்யாணியின் பெண்களை மியூசிக் அகாடமியில் ஆட வைத்ததில் அவருக்குப் பெரும் பங்கு உண்டு. பெரிய தியாகம்தான்.

ஆனால் அவர் விட்டது ஒரு தொழிலை. வேண்டுமென்றால் திரும்பிப் போயிருக்கலாம். பாலசரஸ்வதிக்கு அந்த வசதி இல்லை.

அவர் வீணை தனம்மாளின் பேத்தி. தனம்மாளின் வெள்ளிக்கிழமை வாசிப்பைக் கேட்க ஜார்ஜ் டவுன் வீட்டுக்குப் பெரிய வித்வான்களே வருவார்கள். அவரோ பார்வை மங்கி, பணக்கஷ்டத்திலேயே 1938ல் மறைந்தார். பேத்தி நாட்டியம் கற்பதில் வீட்டுப் பெரியவர்களுக்கே சம்மதமில்லை. தாயார் ஜயம்மாள்தான் உறுதியாக நின்றார். 1925ல், ஏழு வயதில், காஞ்சிபுரத்தில் அரங்கேற்றம். குரு கந்தப்பப் பிள்ளை பின்னால் உதயசங்கரின் அல்மோரா நிலையத்துக்குப் போனார். வெகு நாள் இருக்கவில்லை, காலமாகிவிட்டார்.

1947ல் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வந்தது. குழந்தைகளுக்குப் பொட்டுக்கட்டுவது கொடுமை, சட்டம் வேண்டியதுதான். ஆனால் தலைமுறைகளாக அந்தக் கலையைச் சுமந்த குடும்பங்களின் பிழைப்பும் அதோடு போயிற்று. அதே வருஷங்களில் நம் வீட்டுப் பெண்கள் கௌரவமாக மேடையேறினார்கள். நன்றாக ஆட வேண்டிய வயதில் பாலாவுக்குக் கச்சேரிகள் குறைவு, உடம்பும் சரியில்லை. 1950களில்தான் அகாடமியின் ஆதரவில் நாட்டியப் பள்ளி அமைந்தது. 1963ல் எடின்பரோ போனார். 1973ல் சங்கீத கலாநிதி. நாட்டியக் கலைஞருக்கு அது கிடைத்தது அதுவே முதல் தடவை. 1984ல் காலமானார்.

இங்கே செகந்திராபாத்தில் அரங்கேற்றத்துக்கு லட்சக்கணக்கில் செலவழிக்கிறோம். சாப்பாட்டு மெனு வரை அச்சிடுகிறோம். என் வேண்டுகோள் ஒன்றுதான். உங்கள் குழந்தை ஆடப்போகும் வர்ணத்தை எந்தக் குடும்பம் காப்பாற்றிக் கொடுத்தது என்று டீச்சரிடம் கேளுங்கள். அந்தப் பெயரையும் பத்திரிகையில் போடுங்கள். ஒரு வரி இடம் போதும்.