வானளாவிய மாளிகைகளும் அவற்றை எடுப்பித்த வணிகர்களும்

(நம் சங்கத்தின் மாணவர் விடுதிக் கட்டட நிதிக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



எழுத்தும் சொல்லும் கற்பித்து வயிறு வளர்க்கும் தமிழாசிரியன் ஒருவன் இரும்பையும் செங்கல்லையும் பற்றிப் பேச எழுந்தது மிகையென நும்மிற் சிலர் கருதக்கூடும். காரணத்தை முதற்கண் சொல்லிவிடுகின்றேன். சென்ற கூட்டத்தில் நம் விடுதியைக் குறித்து இரு கட்சி எழுந்தமை யாவரும் அறிவீர். இளைஞர்கள், வங்கியிற் கடன் பெற்று, லிப்டு முதலியவற்றோடு ஆறடுக்கு மாளிகையாக ஒரே மூச்சில் எடுக்க வேண்டும் என்றனர். முதியோர், கையிலுள்ள பொருளுக்கு அடங்கியதே கட்டடம், கடனென்னும் சொல்லே வேண்டா என்றனர். இரு திறத்தாரும் என்னைத் தத்தம் பக்கம் பேசுமாறு அழைத்தனர். யானோ விடையளிக்க அஞ்சி வீடு சேர்ந்தேன். உலகில் உயர்ந்த கட்டடங்களை முதன்முதல் எடுத்தவர்கள் யாவர், அவர்கட்குப் பொருள் எங்ஙனம் வந்தது, எடுத்தபின் யாதாயிற்று என்று ஆராயத் தொடங்கினேன். அவ்வாராய்ச்சியின் பயனையே ஈண்டு நும்முன் வைக்கின்றேன்.

வானளாவிய மாளிகை பிறந்த இடம் அமெரிக்க ஐக்கிய நாடு. சிக்காகோ, நியூயார்க் என்னும் இரு நகரங்களே அதன் தாயகம். அது பிறப்பதற்கு முன் மூன்று தடைகள் நின்றன. முதலாவது, மனிதனுடைய கால். இரண்டாவது, சுவரின் கனம். மூன்றாவது, பொருள்.

முதற்றடையைக் கூறுவேன். ஐந்தாம் மாடிக்கு மேற் படியேறிச் செல்ல எவரும் உடன்படார். ஆகலின் பழைய கட்டடங்களில் மேல்மாடியே மிகக் குறைந்த வாடகைக்கு விடப்பட்டது. பாரம் தூக்கும் எந்திரங்கள் அக்காலத்தும் உண்டு. ஆயினும் கயிறு அறுந்தால் உயிர் போம் என்னும் அச்சத்தால் மக்கள் அவற்றில் ஏறத் துணிந்திலர். எலிஷா ஓட்டிஸ் என்பார், கயிறு அறுந்தவுடனே வில்லொன்று விரிந்து இருபுறத்துப் பற்சட்டங்களைக் கவ்விக்கொள்ளுமாறு ஒரு பொறி அமைத்தார். 1854ஆம் ஆண்டு நியூயார்க்கு நகரப் பொருட்காட்சியில், கூட்டத்தார் தலைக்குமேல் உயர்த்திய மேடையில் தாமே ஏறி நின்று, கயிற்றை வெட்டச் செய்தார். மேடை விழவில்லை. 1857இல் அந்நகரத்துக் கடையொன்றில் மக்கள் ஏறும் லிப்டு அமைந்தது. அதன்பின் ஒரு தலைகீழ் மாற்றம் நிகழ்ந்தது. காற்றும் ஒளியும் மிகுந்த மேல்மாடியே உயர்ந்த வாடகைக்கு உரியதாயிற்று. மனிதர் ஏற அஞ்சிய இடம் விலைமிக்க இடமானது ஒரு சிறு வில்லினால் என்பதை நினைமின்.

நிற்க. இரண்டாந் தடை சுவர். நம் வீட்டுச் சுவர் தன்னையும் தாங்கி, தன் மேலுள்ள மாடியையும் தாங்குகின்றது. மாடி பெருகப் பெருக அடிச்சுவர் பருக்க வேண்டும். பருத்தால் கீழ்த்தளத்தில் இடம் குறையும். கடைக்கு வாடகை வருவதோ கீழ்த்தளத்தில். ஆகவே உயரம் கூடக் கூட ஊதியம் குறையும். சிக்காகோவில் 1891இல் முடிந்த மொனாட்நாக் என்னும் கட்டடத்தின் வடபாதியே இதற்குச் சான்று. பதினாறு அடுக்கு. செங்கற்சுவர் தானே பாரந்தாங்குவது. அதன் அடிச்சுவரின் கனம் 6 அடி. அந்நகரத்து மென்மண்ணில் அது எதிர்பார்த்ததினும் மிகுதியாகத் தாழ்ந்தது. எடுப்பித்தவர் பாஸ்டன் நகரத்துப் புரூக்ஸ் சகோதரர். அவருள் பீட்டர் புரூக்ஸ், அழுக்குத் தங்கும் புடைப்புகளும் வீண் அலங்காரமும் வேண்டா என்று கட்டளையிட்டவர். அவருக்குக் கட்டடம் என்பது வாடகை ஈட்டும் கருவி. ஆயினும் அவ்வெளிமையே அழகென இன்று கலைவாணர் அதனைப் போற்றுகின்றனர்.

இத்தடை நீங்கிய வரலாறு ஒரு பெருந்தீயினோடு தொடர்புடையது. 1871ஆம் ஆண்டு அக்டோபரில் சிக்காகோ நகரின் நடுப்பகுதி வெந்து சாம்பலாயிற்று. ஏறத்தாழ முந்நூறு பேர் மாண்டனர். இலட்சம் பேர் வீடிழந்தனர். மரம் எரிந்தது மட்டுமன்று, மூடப்படாத இரும்பும் வெப்பத்தில் உருகி வளைந்தது. அழிந்த நகரை மீண்டும் எடுக்கப் புகுந்தோர், இரும்பைச் சுட்ட மண்ணோட்டால் போர்த்திக் காக்கக் கற்றனர். எஃகை மலிவாகச் செய்யும் முறையும் அதற்குள் பரவியிருந்தது. 1885இல் வில்லியம் ஜென்னி என்னும் பொறிவல்லார், ஹோம் இன்ஷ்யூரன்ஸ் கம்பெனிக்குப் பத்தடுக்குக் கட்டடம் ஒன்று எடுத்தார். 138 அடி உயரம். அதன் பாரத்தின் பெரும்பகுதியை இரும்பும் எஃகுமாகிய எலும்புக்கூடு தாங்கிற்று. அதுவே முதல் வானளாவி என்பர் பலர். சுவரும் ஓரளவு தாங்கியமையின் அங்ஙனம் கொள்ளலாகாது என்பர் சிலர். அவ்வழக்கை விடுப்போம். நாம் கொள்ளத்தக்கது வேறொன்று. 1891இல் அக்கட்டடத்தின்மேல் இன்னும் இரண்டு அடுக்குகள் ஏற்றப்பட்டன. இதனை மனத்திற் குறித்துக்கொள்க. முடிவில் மீண்டும் எடுத்துரைப்பேன்.

இனி மூன்றாந் தடையாகிய பொருள். இதனை முதலில் வென்றவர் இன்ஷ்யூரன்ஸ் கம்பெனியார். பல்லாயிரங் குடும்பத்தார் செலுத்தும் சிறுசிறு தவணை அவர்களிடம் பெருநிதியாய்க் குவிந்தது. அதனை நெடுங்காலம் முடக்கி வைக்கவும் அவர்கட்கு இயன்றது. உயர்ந்த கோபுரம் வாடகையும் தந்தது, விளம்பரமும் ஆயிற்று. 1909இல் மெட்ரோபாலிட்டன் ஆயுள் இன்ஷ்யூரன்ஸ் கம்பெனியின் கோபுரம் 700 அடி உயர்ந்து நின்றது.

இவ்வழக்கம் நம் நாட்டிற்கும் வந்தது. சென்னை மவுண்டு ரோட்டிலுள்ள எல்.ஐ.சி. கட்டடத்தை அறியாதார் நம்முள் இலர். அதனைத் தொடங்கியவர் யுனைடெட் இந்தியா ஆயுள் இன்ஷ்யூரன்ஸ் கம்பெனியை நடத்திய எம்.சி.டி.எம். சிதம்பரம் செட்டியார். அவர் 1954இல் சிங்கப்பூரில் விமான விபத்தில் மறைந்தார். 1956இல் ஆயுள் இன்ஷ்யூரன்ஸ் தொழில் நாட்டுடைமையாயிற்று. 1959இல் அக்கட்டடம் திறக்கப்பட்டபோது, 177 அடி உயரத்தோடு, இந்தியாவிலேயே உயர்ந்ததாய் விளங்கிற்று. தொடங்கியவர் கண்டிலர். ஊரார் கண்டனர்.

தனியொரு வணிகர் அமெரிக்காவில் இதே துறையிற் புகுந்த கதை மிகச் சுவையுடையது. பிராங்க் உல்வொர்த் 1852இல் ஓர் எளிய உழவர் வீட்டிற் பிறந்தவர். வாட்டர்டவுன் என்னும் ஊரில் ஒரு கடையில் ஊதியமின்றியே வேலைக்குச் சேர்ந்தார். அவருக்கு விற்கத் தெரியாது. பொருள்களைக் கண்கவர அடுக்கி வைக்கத் தெரியும். ஐந்து சென்ட் விலையுள்ள பொருள்களை மட்டும் ஒரு பலகையில் பரப்பி விற்பதைக் கண்டு, அதுபோலத் தனிக்கடை வைக்க எண்ணினார். கையிற் பொருளில்லை. முதலாளி மூர் என்பார் சரக்கைக் கடனாகக் கொடுத்தார். 1879இல் யூட்டிக்கா நகரில் வைத்த கடை சில திங்களில் மூடப்பட்டது. அவ்வாண்டிலேயே லாங்காஸ்டர் நகரில் வைத்த கடை தழைத்தது. 1912இல் போட்டியாளரையும் சேர்த்துக்கொண்டு அவர் கம்பெனி ஏறத்தாழ 600 கடைகளை உடையதாயிற்று.

அவ்வைந்து சென்ட், பத்துச் சென்ட் காசுகளே நியூயார்க்கில் மாளிகையாயின. காஸ் கில்பர்ட் என்னும் சிற்பி வகுத்த அம்மாளிகை 792 அடி உயரமுடையது. நூறடிக்கு மேற்பட்ட ஆழத்திலுள்ள பாறையைத் தொடும்வரை, காற்றழுத்தமுள்ள அறைகளில் மனிதர் இறங்கி மண்ணகழ்ந்து அடித்தளம் இட்டனர். 1913 ஏப்ரல் 24ஆம் நாள் குடியரசுத் தலைவர் வில்சன் வாஷிங்டனிலிருந்து ஒரு பொத்தானை அழுத்த, ஏறத்தாழ 80,000 விளக்குகள் ஒருங்கே ஒளிர்ந்தன. செலவு 1 கோடியே 35 இலட்சம் டாலர். அடைமானம் வைக்காமலே உல்வொர்த் அதனைச் செலுத்தினார். வாயிற் கூடத்தில், அவர் காசெண்ணும் கோலத்தில் ஒரு சிறு சிற்பமும் உண்டு. அதனைக் கண்டு அவரே நகைத்திருத்தல் கூடும்.

அன்பர்காள்! இதனைக் கேட்டவுடன் நம் முதியோர் முகம் மலர்வதைக் காண்கின்றேன். சற்றுப் பொறுத்தல் வேண்டும். கடனின்றிக் கட்டிய அவ்வுல்வொர்த்து, மூர் கொடுத்த கடன் இல்லையேல் கடையே வைத்திரார். மற்றொன்றும் மறைத்தலாகாது. அவர் கடைகளில் நின்ற இளம்பெண்கள் பெற்ற ஊதியம் மிகக் குறைவு. அம்மாளிகையில் ஒரு பகுதி அவர்களுடைய உழைப்பின் மிச்சம் என்பதை நடுவுநிலையுடையார் மறுக்கார்.

மறுபக்கத்தையும் காண்போம். 1929, 1930ஆம் ஆண்டுகளில் உயரப் போட்டி வெறியாயிற்று. மோட்டார் வணிகர் வால்டர் கிரைஸ்லர் ஒருபுறமும், வால் தெருவில் ஒரு வங்கிக் கட்டடத்தார் மற்றொருபுறமும் எழுப்பினர். கிரைஸ்லரின் சிற்பி வான் ஆலன், 185 அடி எஃகுக் கூர்முடியைக் கட்டடத்தினுள்ளே மறைவாகப் பூட்டி, 1929 அக்டோபரில் ஒருநாள் திடீரென மேலே உயர்த்தினார். கட்டடம் 1,046 அடியாயிற்று. அடுத்த சில நாட்களிற் பங்குச் சந்தை வீழ்ந்தது. வென்ற பெருமையும் ஓராண்டு நிலைத்திலது. 1931 மே முதல் நாள் எம்பயர் ஸ்டேட் கட்டடம் 1,250 அடியோடு திறக்கப்பட்டது.

இதன் முதல்வர் ஜான் ராஸ்காப். சுருக்கெழுத்துக் குமாஸ்தாவாகத் தொடங்கி, மோட்டார்த் தொழிலிற் பெருநிதி ஈட்டியவர். இக்கட்டடத்திற்கோ கடனும் பெரிதாக வாங்கினார். வேலை நடந்த விரைவு இன்றும் வியப்பைத் தருவது. 1930 மார்ச்சு 17இல் தொடங்கி 410 நாட்களில் 102 அடுக்கும் முடிந்தன. ஒருகாலத்தில் நாளொன்றுக்கு 3,400 பேர் உழைத்தனர். பணிக்கிடையே ஐவர் உயிரிழந்ததாகக் கணக்கு. கட்டடம் முடிந்தது, குடிவருவார் இலர். நாடெங்கும் பஞ்சம். மக்கள் அதனை வெற்றுக் கட்டடம் என எள்ளினர். மேல்மாடத்தில் நின்று நகரைக் காண வந்தோர் கொடுத்த கட்டணமே பெருந்துணையாயிற்று. ஊதியம் காண ஏறத்தாழ இருபதாண்டு சென்றது. அதனை ஊதியம் தரத்தொடங்கியதாகக் கூறும் 1950ஆம் ஆண்டிலேயே ராஸ்காப் காலமானார்.

ஆயினும் அவரை மூடரென்று தள்ளலாமோ? வேலையின்றி மக்கள் தெருவில் நின்ற காலத்தில் ஆயிரக்கணக்கான குடும்பங்களில் அடுப்பெரிந்தது அப்பணியினால் அன்றோ? பெருநிதியும் பெருநட்பும் உடையவராகலின் இருபதாண்டு தாங்கினார். நம் போன்றோர் இருபது திங்கள் தாங்குவோமா என்பதே கேள்வி.

இவ்விடத்து என் குடும்பச் செய்தி ஒன்றைக் கூறப் பொறுத்தருள்க. என் தந்தையார் ஓட்டு வீட்டை இடித்து மாடி வீடு எடுத்தார். தெருவில் பிறர் எடுத்திருந்தனர் என்பதன்றி வேறு காரணமில்லை. கடன் வாங்கியே எடுத்தார். மாடியில் யாம் உறங்கியது நான்கு கோடைகள். பின்னர் மாடியோடு கீழ்வீடும் மனையும் போயின. அன்று எனக்குப் பன்னிரண்டு வயது. படிப்பு நிற்கவிருந்த நேரத்தில், இச்சங்கத்தார் கொடுத்த உபகாரச் சம்பளமே என்னைப் புலவர் வகுப்பு வரை செலுத்திற்று. ஒரு கடன் எங்கள் வீட்டை விழுங்கிற்று, ஓர் உதவி என்னை எழுப்பிற்று. இரண்டையும் கண்ட கண்ணோடுதான் பேசுகின்றேன்.

ஆகவே யான் துணிந்தது இது. கடன் என்னும் பெயரொன்றே ஆயினும் பொருள் இரண்டு. மூர் கொடுத்தது விதை, என் தந்தையார் வாங்கியது வேடம். விதைக்கடனை இகழாதீர்கள் என்பது முதியோர்க்கு என் விண்ணப்பம். உயரத்தைக் கண்டு மயங்காதீர்கள், மண்ணுக்குக் கீழுள்ள ஆழத்தைக் கேளுங்கள் என்பது இளைஞர்க்கு என் விண்ணப்பம். பொறிவல்லார் ஒருவரைக் கொண்டு மண்ணைச் சோதித்து, ஆறடுக்கைத் தாங்கும் அடித்தளத்தையும் தூண்களையும் இப்பொழுதே இடுவோம். லிப்டுக்குரிய இடத்தையும் விட்டு வைப்போம். கையிலுள்ள பொருளால் இரண்டு அடுக்கு எழுப்பி மாணவரைக் குடியேற்றுவோம். ஹோம் இன்ஷ்யூரன்ஸ் கட்டடத்தின்மேல் ஆறாண்டு கழித்து இரண்டு அடுக்கு ஏறியதன்றோ? எலும்பு வலிதாயின் தசை பின்னர் வளரும். மேலும், உபகாரச் சம்பள நிதியிலிருந்து ஒரு ரூபாயும் கட்டடத்திற்கென எடுக்கலாகாது என்று இக்கூட்டத்திலேயே தீர்மானித்தல் வேண்டும்.

ஹோம் இன்ஷ்யூரன்ஸ் கட்டடம் 1931இல் இடிக்கப்பட்டது. உல்வொர்த்தின் மாளிகை நிற்கின்றது, அமெரிக்காவில் அவர் கடைகள் 1997இல் மூடப்பட்டன. கட்டடம் நிற்கக் கம்பெனி போதலும், கட்டடம் போகக் கலை நிற்றலும் உலகியல்பு. நம் விடுதியும் ஒருநாள் பழையதாகும். அதிற் படித்துச் சென்ற பிள்ளைகள் வேறு பிள்ளைகளைப் படிக்கவைப்பாராயின், அதுவே நாம் எடுத்த உயரம்.