ஓடாத முயல்

ஆமையும் முயலும் பந்தயம் வைத்துக்கொண்ட கதையை அறியாதார் நம்மில் எவரும் இரார். முயல் ஏன் தோற்றது என்று கேட்டால், வழியில் உறங்கிவிட்டது என்று சின்னஞ்சிறு குழந்தையும் விடை கூறும். நான் இன்று பேச எடுத்துக்கொண்டிருப்பது வேறொரு முயல். அது உறங்கவில்லை, ஓடவே மறுத்துவிட்டது. ஏன் மறுத்தது என்று தெரிந்துகொள்ள எனக்கு இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆயின. இடையில், செய்யாத குற்றத்துக்காக ஒரு சிறுவன் தண்டனை பெற்றான். தீர்ப்புச் சொன்ன நீதிபதி நானேதான்.

அந்த முயலின் பெயர் ஜாஸ் ஜாக்ராபிட். 1994ஆம் ஆண்டில் வெளிவந்த கணிப்பொறி விளையாட்டு அது. முயலின் நிறம் பச்சை, நெற்றியில் சிவப்புத் துணிக்கட்டு, கையில் துப்பாக்கி. ஈவா என்னும் முயல் இளவரசியை டெவன் ஷெல் என்னும் ஆமை கவர்ந்து சென்றுவிட, அவளை மீட்கும்பொருட்டு இம்முயல் கிரகம் கிரகமாகத் தாவிச் செல்கிறது. பழைய பந்தயத்தின் பகை இன்னும் தீரவில்லை போலும்! விளையாட்டின் முதற்பகுதியை எவரும் படியெடுத்துப் பிறருக்கு வழங்கலாம் என்று அதனை ஆக்கியோரே அனுமதி தந்திருந்தனர். அவ்வண்ணம் நண்பர் ஒருவர் வழியாக, சில பிளாப்பி வட்டுகளில் ஏறி, 1996ஆம் ஆண்டில் அது எங்கள் இல்லம் வந்து சேர்ந்தது.

அக்காலத்தில் எங்களிடம் இருந்தது 486 என்று வழங்கப்பட்ட பழைய கணிப்பொறி. பள்ளிக்கூடத்துக் கணக்கு ஆசிரியனுக்கு அதுவே பெரிய செல்வம். என் மகன் வீட்டுப்பாடம் முடித்தபின் நாள்தோறும் அரைமணி நேரம் முயலோடு ஓடுவான். அந்தப் பெட்டியின் முகப்பில் டர்போ என்று ஒரு பொத்தான் இருந்தது. அதனால் பொறியின் வேகத்தைக் குறைக்கலாம். விலை கொடுத்து வாங்கிய வேகத்தைக் குறைத்துக்கொள்ள ஒரு பொத்தான் எதற்கு என்று நான் நகைத்ததுண்டு. அந்த நகைப்பும் பிற்பாடு என் கணக்கில் சேர்ந்தது.

1998ஆம் ஆண்டில் சேமநிதியில் கடன் வாங்கி, பென்டியம் 2 என்னும் புதிய பொறியை வாங்கினேன். 266 மெகாஹெர்ட்ஸ் வேகம். பையன் ஆவலோடு தன் வட்டுகளைச் செருகி, விளையாட்டை ஏற்றி, அதன் பெயரைத் தட்டச்சுச் செய்தான். முயல் வரவில்லை. கரிய திரையில் 'ரன்டைம் எர்ரர் 200' என்ற ஒரே வரி வந்தது. மறுபடியும் முயன்றான், மறுபடியும் அதே வரி.

பாஸ்கல் என்னும் கணிப்பொறி மொழி கற்ற நண்பர் ஒருவரிடம் கேட்டேன். அவர் தம் கையேட்டைப் புரட்டிவிட்டு, "200 என்றால் பூஜ்யத்தால் வகுத்தல்" என்றார். நேயர்களே, எந்த எண்ணையும் பூஜ்யத்தால் வகுத்தல் ஆகாது என்று ஆண்டுதோறும் கரும்பலகையில் எழுதிக் காட்டி வந்தவன் நான். என் வீட்டிலேயே அக்குற்றமா? விளையாட்டின் கோப்புகளைத் திறந்து உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்கும் வழக்கம் பையனுக்கு உண்டு. ஆகவே எங்கேயோ ஓர் எண்ணை அழித்துப் பூஜ்யம் ஆக்கிவிட்டான் என்று தீர்மானித்தேன்.

"நான் எதையும் தொடவில்லை, அப்பா" என்றான் அவன். "வட்டிலிருந்து புதிதாக ஏற்றினாலும் இதேதானே வருகிறது?" என்றும் கேட்டான். அது நல்ல வாதம். நான் அதைக் கேட்கும் நிலையில் இல்லை. "அப்படியானால் வட்டையும் கெடுத்திருக்கிறாய்" என்றேன். கோடை விடுமுறை முழுவதும் கணிப்பொறியைத் தொடக்கூடாது என்று கட்டளையிட்டேன். வட்டுகள் டிரங்குப் பெட்டிக்குள் போயின. பெட்டி பரண்மேல் ஏறியது. அவன் அந்த விளையாட்டைப் பற்றி அப்புறம் வாய் திறக்கவே இல்லை.

சென்ற ஆண்டு வீட்டுக்கு வெள்ளையடிக்கும்போது அப்பெட்டி கீழே இறங்கிற்று. என் மகள் வயிற்றுப் பேரன் வட்டுகளைக் கண்டெடுத்து, "தாத்தா, இது மாமாவுடையதா? இப்போது ஓடுமா?" என்று கேட்டான். பார்த்துவிடலாம் என்றேன்.

முதல் இடர், வட்டைப் படிப்பது. மூன்றரை அங்குல வட்டைச் செருகும் வாய் இக்காலத்துப் பொறிகளில் இல்லை. யூ.எஸ்.பி. வழியாக இணைக்கும் தனிக் கருவியொன்றை இரவல் வாங்கினோம். முக்கி முனகியேனும் எல்லா வட்டுகளும் தம்மிடம் உள்ளதைக் கொடுத்துவிட்டன. இரண்டாவது இடர், விண்டோஸ் 11. அது 64 பிட்டு அமைப்பு. முயலோ 16 பிட்டுக் காலத்தது. 64 பிட்டு விண்டோஸில் 16 பிட்டு நிரல்களை ஓட்டுவதற்கு உரிய பகுதியே வைக்கப்படவில்லை. ஆதலால் இந்நிரல் இங்கே இயங்காது என்ற அறிவிப்போடு அது நின்றுவிட்டது. இதற்கு மருந்து டாஸ்பாக்ஸ் என்னும் இலவச மென்பொருள். 2002ஆம் ஆண்டில் முதன்முதலாக வெளிவந்தது. புதிய கணிப்பொறிக்குள்ளே ஒரு பழைய கணிப்பொறி இருப்பதுபோல் அது நடித்துக் காட்டும். பழைய பொறி எவ்வளவு விரைவாக ஓடவேண்டும் என்பதை நாமே அதன் அமைப்புக் கோப்பில் எழுதி வைக்கலாம். பேரன், "முழு வேகமும் கொடுத்துவிடுவோம், தாத்தா" என்றான். கொடுத்தோம்.

கரிய திரை. 'ரன்டைம் எர்ரர் 200.'

அன்றிரவு நான் உறங்கவில்லை. டர்போ பாஸ்கல் என்னும் மொழித்தொகுப்பின் நுட்பம் அறிந்தோர் எழுதியவற்றைத் தேடிப் படித்தேன். விளையாட்டு அம்மொழியில் ஆக்கப்பட்டது. அங்கே கிடைத்த விளக்கத்தை என் மாணவர்களுக்குச் சொல்வதுபோலவே சொல்லுகிறேன்.

விளையாட்டில் இங்குமங்கும் சிறு சிறு இடைவெளிகள் வேண்டும். காத்திருப்பதற்கு அந்நிரல் கையாண்ட வழி, வீணாக எண்ணிக்கொண்டிருப்பது. 'நூறு எண்ணிவிட்டு வா' என்று குழந்தையிடம் சொல்லுகிறோமே, அதுபோல. ஆனால் குழந்தை எவ்வளவு விரைவாக எண்ணும் என்று முன்னதாகத் தெரியவேண்டும் அல்லவா? ஆகவே நிரல் தொடங்குமுன் ஒரு சோதனை நடக்கிறது. கணிப்பொறியின் உட்கடிகாரம் வினாடிக்குச் சுமார் 18.2 முறை துடிக்கும். ஒரு துடிப்புக்கு ஏறத்தாழ 55 மில்லிவினாடி. ஒரு துடிப்பு நேரத்துக்குள் எத்தனை எண்ண முடிகிறது என்று பார்த்து, அதை 55ஆல் வகுத்து, ஒரு மில்லிவினாடிக்கு இத்தனை என்று குறித்துக்கொள்கிறது. வரும் ஈவை இட்டுவைக்கும் பாத்திரம் 16 பிட்டுப் பாத்திரம். 65,535 வரைதான் கொள்ளும்.

486 பொறிக்கு அது தாராளமாகப் போதும். ஆனால் பொறியின் வேகம் சுமார் 200 மெகாஹெர்ட்ஸை எட்டும்போது, ஒரு துடிப்புக்குள் எண்ணிக்கை 36 லட்சத்தைத் தாண்டிவிடுகிறது. 55ஆல் வகுத்தால் ஈவு பாத்திரத்தில் அடங்குவதில்லை, வழிந்துவிடுகிறது. பிழையின் எண்ணும் 200, வேகமும் 200 என்பது வெறும் தற்செயல்தான். அதில் மயங்கியோரும் உண்டாம்.

இனித்தான் முக்கியமான இடம். ஈவு அடங்கவில்லை என்றாலும், வகுஎண் பூஜ்யம் என்றாலும், கணிப்பொறியின் மையச் செயலி எழுப்பும் கூக்குரல் ஒன்றே. இரண்டுக்கும் வேறு வேறு குரல் அதனிடம் இல்லை. நிரல் அந்தக் குரலைக் கேட்டு, பூஜ்யத்தால் வகுத்தல் என்றே பொருள்கொண்டு, 200 என்று அறிவித்துவிடுகிறது. அங்கே பூஜ்யமே கிடையாது, நேயர்களே! வகுஎண் 55. அதை எவரும் தொடவில்லை. பூஜ்யம் என்ற சொல்லைக் கேட்டவுடன் கணக்கு ஆசிரியனுக்கு வந்த கோபம் ஒன்றுதான் அங்கே மிகை. இந்தச் சோதனை விளையாட்டின் முதல் வரிக்கும் முன்பே நடப்பது. ஆதலால்தான் முயல் வாசற்படியைக்கூடத் தாண்டவில்லை. விளையாட்டை எழுதியவரையும் குறை சொல்வதற்கில்லை. அவர் மேசையிலிருந்த பொறி அவ்வளவு வேகமாக எண்ணியிராது.

மறுநாள் காலையில் அமைப்புக் கோப்பைத் திறந்து, சைக்கிள்ஸ் என்ற வரியில் 20000 என்று எழுதினேன். ஒரு மில்லிவினாடிக்கு இத்தனை கட்டளைகளே நிறைவேற்றப்பட வேண்டும் என்பது அதன் பொருள். பேரனுக்கு இது பிடிக்கவில்லை. "வேகத்தைக் குறைத்தால் எப்படித் தாத்தா ஓடும்?" என்றான். பெயரைத் தட்டச்சுச் செய்தேன். அதே வட்டிலிருந்து எடுத்த அதே கோப்பு. ஓர் எழுத்தையும் நான் மாற்றவில்லை.

பச்சை முயல் குதித்துக்கொண்டு வந்து நின்றது.

பேரன் கைகொட்டினான். எனக்கோ அந்த முயலை நிமிர்ந்து பார்க்கத் துணிவு வரவில்லை. 'நான் எதையும் தொடவில்லை, அப்பா' என்ற பதின்மூன்று வயதுக் குரலே காதில் நின்றது. 1998ஆம் ஆண்டிலும் பொறியின் வேகத்தைக் குறைத்திருந்தால் அது ஓடியிருக்கும். அல்லது அவன் கேட்ட கேள்விக்கு நான் ஒரு நாழிகை செவி கொடுத்திருந்தாலும் போதும்.

மகன் இப்போது வேறு ஊரில் இருக்கிறான். நாற்பது வயது கடந்தவன். தொலைபேசியில் அழைத்து, 55 என்றும் 65,535 என்றும் தொடங்கி எல்லாவற்றையும் சொன்னேன். நேராக மன்னிப்புக் கேட்கத் தெரியாத தந்தை, கணக்கின் வழியாகச் சுற்றிக்கொண்டு போகிறான் என்பது அவனுக்குப் புரிந்திருக்கவேண்டும். "நீ தொடவில்லைதான், தவறு என்னுடையது" என்று கடைசியில் எப்படியோ சொல்லி முடித்தேன்.

மறுமுனையில் சற்று நேரம் பேச்சில்லை. பிறகு, "அப்பா, பாட்டு வருகிறதா?" என்று கேட்டான்.

அதை நான் கவனிக்கவே இல்லை. பேரனிடம் ஒலியைக் கூட்டச் சொல்லிவிட்டு, தொலைபேசியைக் கணிப்பொறியின் அருகே பிடித்துக்கொண்டு நின்றேன்.