மாளிகைக்கு முன்பிருந்த மனிதர்



வாசிப்பு மாதம் பிறந்தால் யாழ்ப்பாண நூலகம் எரிந்த கதையை மேடைக்கு மேடை சொல்கிறோம். 1981. ஏறத்தாழ 97,000 நூல்கள். சொல்லத்தான் வேண்டும். ஆனால் அந்த நூலகத்தைத் தொடக்கியவர் யார் என்று இங்கே வந்திருக்கிற பிள்ளைகளைக் கேட்டால் எத்தனை கை உயரும்?

க. மு. செல்லப்பா. நீதிமன்றத்தில் உத்தியோகம் பார்த்தவர். 1933இல் தன் வீட்டிலேயே புத்தகங்களை வைத்து, கேட்டு வந்தவர்களுக்கு இலவசமாக இரவல் கொடுத்தார். வீடு போதாது என்று கண்டதும் ஊராரிடம் வேண்டுகோள் விடுத்தார். மறுவருடம் யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியில் கூட்டம் கூடியது. குழு அமைந்தது, செயலாளர் பொறுப்பில் அவரும் இருந்தார். 1934 ஓகஸ்ட் 1ஆம் திகதி ஆஸ்பத்திரி வீதியில் ஒரு வாடகை அறையில் நூலகம் திறந்தது. 844 நூல்கள்! இன்று பல பள்ளிக்கூடங்களில் இதைவிடக் கூடுதலாக இருக்கும்.

நாங்கள் படத்தில் பார்க்கும் அந்த வெள்ளை மாளிகை திறக்கப்பட்டது 1959இல். நூலகவியல் அறிஞர் இரங்கநாதன் ஆலோசனை சொன்னதும், கட்டடக் கலைஞர் நரசிம்மன் வரைபடம் கீறியதும் பிந்திய கதை. கால் நூற்றாண்டு அந்த மாளிகை இல்லாமலே நூலகம் நடந்தது ஐயா!

நூலகம் என்றால் கட்டடமல்ல, சேவை என்பதற்கு அமெரிக்காவிலும் ஒருவரைச் சொல்லவேண்டும். கிளாரா ஸ்டாண்டன் ஜோன்ஸ், கறுப்பினப் பெண். 1970இல் டெட்ராய்ட் நகர நூலகத்துக்குப் பணிப்பாளர் ஆனார். அங்கே பெருநகர நூலகமொன்றுக்குக் கறுப்பினத்தவர் தலைமை ஏற்றது அதுதான் முதல் தடவை. எதிர்த்தவர்களும் இருந்தார்கள். அவர் செய்த வேலையைப் பாருங்கள்: வேலை எங்கே தேடுவது, வீட்டுப் பிரச்சினையை யாரிடம் சொல்வது என்று வந்து கேட்கிற சனத்துக்கு வழிகாட்டும் சேவையை நூலகத்துக்குள்ளேயே தொடங்கினார். 1976இல் அமெரிக்க நூலகச் சங்கத்தின் முதல் கறுப்பினத் தலைவரும் அவரே.

பிரதேச சபை உறுப்பினர்கள் முன்வரிசையில் இருக்கிறீர்கள். நான் அடிக்கல் கேட்கவில்லை. எங்கள் அக்கராயன் நூலகத்தில் அப்படியொரு சேவைக்கு ஒரு மேசை கேட்கிறேன். காணி அனுமதிப்பத்திரம், உர மானியம், வர்த்தமானியில் வந்த வேலைக்கு விண்ணப்பம் என்று வருகிறவருக்கு விளக்கிச் சொல்லவும் படிவம் நிரப்பவும் ஓர் ஆள் வேண்டும். வயலால் வருகிறவருக்கு ஆறு மணிக்குப் பிறகுதான் நேரம், அப்போது கதவு திறந்திருக்கவேண்டும். ஆளுக்குப் பஞ்சம் என்றால் ஓய்வுபெற்ற ஆசிரியர்கள் இங்கே எத்தனையோ பேர் இருக்கிறோம். முதல் பெயராக என்னுடையதை எழுதிக்கொள்ளுங்கள்.