கங்காணியின் முன்பணம்



பாலாவின் 'பரதேசி' (2013) படத்தைத் தொலைக்காட்சியில் பார்த்தோம். தேயிலைத் தோட்டத்தில் கொள்ளைநோய், சனம் மடிகிறது. வைத்தியம் பார்க்க வந்தவர்களோ ரொட்டி கொடுத்து, ஆடிப்பாடி மதத்துக்கு ஆள் சேர்க்கிறார்கள். நமக்கு மனம் கசந்தது உண்மை. படத்துக்கு மூலமான 'ரெட் டீ' (1969) நாவலை எழுதிய பி.எச். டேனியல், ஆனைமலைத் தோட்டங்களில் மருத்துவராக இருந்து தொழிலாளர்களுக்குச் சங்கம் கண்டவர். இரா. முருகவேள் அதை 'எரியும் பனிக்காடு' எனத் தமிழாக்கியிருக்கிறார். அதில் வரும் மருத்துவர் ஆபிரகாம் கூலிகளுக்காகப் பாடுபடுகிறவர். படம் அவருக்கு நியாயம் செய்யவில்லை.

சரி, கோபப்பட்டாயிற்று. கங்காணியைப் பார்த்தோமா? ஊருக்கு வந்து முன்பணம் கொடுக்கிறார். வருஷக் கடைசியில் கணக்குப் பார்த்தால் கூலி போய்க் கடன்தான் நிற்கிறது. அந்தக் கணக்கு நம் பண்ணைக்காட்டில் இல்லையா? காப்பிப் பழம் பறிக்க முன்பணம் வாங்கி மலையேறி வருகிறவர்கள், ஞாயிறு பூசையில் நம் பக்கத்தில்தான் முழந்தாளிடுகிறார்கள். பிடித்துவைத்த கூலியே ஆண்டவரிடம் கூக்குரலிடுவதாக யாக்கோபு எழுதுகிறார் (5:4).

பறிப்பு தொடங்கிவிட்டது. நோட்டு யார் கையில் இருக்கிறதோ, அவர்கள் இந்த வாரமே பறிக்கிறவர்களைப் பக்கத்தில் உட்காரவைத்து, அதை வாசித்துக் காட்டுங்கள். மழைநாளுக்குக் கழித்ததையும் சேர்த்து.