முன்பதிவில்லாப் பெட்டியில் வந்த அணித்தலைவி
(சங்கத்தின் ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



தமிழ்ச் சங்க மேடையில் கிரிக்கெட்டுக்கு என்ன வேலை என்று சிலர் எண்ணக்கூடும். குறளையும் சிலம்பையும் பேசுதற்குப் புலவர் பெருமக்கள் இருக்கின்றனர். நாமோ பத்தாம் வகுப்புத் தேறியதோடு ரயில்வேயில் எழுத்தராய்ச் சேர்ந்து, பயணச்சீட்டோடும் கால அட்டவணையோடும் காலங்கழிப்பவர். ஆயினும், சென்னையில் பிறந்து, நம்மைப் போலவே கன்னட நாட்டில் வாழும் ஒரு பெண்மணியின் வரலாற்றில் நம் புகைவண்டிக்கும் ஓரிடம் உண்டு. அதைச் சொல்லவும், கூடவே எம் குற்றம் ஒன்றை இச்சபையில் ஒப்புக்கொள்ளவும் வந்தோம்.

அப்பெண்மணி சாந்தா ரங்கசாமி அம்மையார். பிறந்தது 1954 சனவரி 1. இந்தியப் பெண்கள் கிரிக்கெட் சங்கம் 1973-இல் லக்னோவில் பதிவாயிற்று. அவ்வாண்டு பூனாவில் நடந்த முதல் தேசியப் போட்டிக்கு வந்த அணிகள் எத்தனை தெரியுமா? மூன்றே மூன்று! அடுத்த மூன்றாண்டுக்குள், 1976 அக்டோபர் 31 அன்று, மேற்கிந்தியத் தீவு மகளிரை எதிர்த்து இந்தியப் பெண்கள் தங்கள் முதல் டெஸ்ட் ஆட்டத்தை நம் பெங்களூரிலேயே தொடங்கினர். தலைமை ஏற்றவர் இருபத்திரண்டு வயதுச் சாந்தா. அடுத்த மாதமே பாட்னாவில், நான்காவது டெஸ்டில், ஐந்து விக்கெட்டு வேறுபாட்டில் வெற்றி கிட்டியது. இந்தியப் பெண்கள் டெஸ்டில் கண்ட முதல் வெற்றி அது. 1977 சனவரியில் நியூசீலந்தின் டுனிடின் நகரில் அம்மையார் 108 ஓட்டங்கள் எடுத்தார். டெஸ்டில் நூறு கண்ட முதல் இந்தியப் பெண் அவரே. பெண் கிரிக்கெட் வீரருள் அர்ச்சுனா விருதை முதன்முதல் பெற்றவரும் அவரே. வலக்கை மட்டையாளர், மிதவேகப் பந்தும் வீசுவார்.

இனி நம் துறைக்கு வருவோம். அந்நாளில் அப்பெண்கள் எப்படி ஊர் ஊராய்ச் சென்றனர் என்பதை அம்மையாரே பலமுறை கூறியிருக்கிறார். முன்பதிவில்லாப் பெட்டியிலே சென்றனராம். பொதுக்கூடங்களில் தரையில் படுத்துறங்கினராம். அணிக்கே மூன்று மட்டைகள்தாம் இருந்தன என்றும், ஆட்டமிழந்து வருபவர் கையிலிருந்து அடுத்தவர் வாங்கிச் சென்றார் என்றும் உடனாடியவர்கள் சொல்கின்றனர். முன்பதிவில்லாப் பெட்டி எப்படிப்பட்டது என்பதை இங்குள்ளோர்க்கு விளக்க வேண்டா. தீபாவளிக்கு முன்னிரவில் பங்காருப்பேட்டைச் சந்திப்பில் நின்றவர்கள் அறிவார்கள். ஒற்றைக்காலில் நின்றவர் மற்றைக்காலை ஊன்ற இடமில்லாத பெட்டி அது. தென்னாட்டிலிருந்து வடக்கே செல்வதென்றால் ஓரிரவில் முடிகிற பயணமா? மட்டையும் காலுறையும் நிறைந்த மூட்டையைக் காலடியில் இருத்தி, அதன்மேல் முறை வைத்து உட்கார்ந்து, இறங்கிய மறுநாளே வெயிலில் பந்து வீசுவதென்றால்! எண்ணிப் பார்க்கையில் நமக்கு அந்த 108 ஓட்டத்தைவிடப் பெரிதாய்த் தோன்றுவது இதுதான். விளையாட்டு வல்லுநர்கள் இதை ஒப்பமாட்டார்கள். போகட்டும்.

வேறொரு கொடுமையும் உண்டு. 1977 தொடக்கத்தில் ஆடியபின், 1984 வரை இந்தியப் பெண்களுக்கு ஒரு டெஸ்டு கூடக் கிடைக்கவில்லை. இருபத்து மூன்று வயதிலிருந்து முப்பது வரை, ஒரு வீரருக்கு உடலும் திறமும் ஒருங்கே முதிரும் ஆண்டுகள், அம்மையாருக்கு டெஸ்டின்றியே கழிந்தன. 1991-இல் ஓய்ந்தபோது அவர் கணக்கில் 16 டெஸ்டுகள், 750 ஓட்டங்கள், 21 விக்கெட்டுகள். அந்த ஏழாண்டும் சேர்ந்திருந்தால் இக்கணக்கு எங்கே நின்றிருக்கும்!

ஆட்டத்தினால் சோறு கிடைக்காத காலம் அது. அம்மையார் கனரா வங்கியில் பணிபுரிந்தார். அவரோடு ஆடிய டயானா எடுல்ஜி மேற்கு ரயில்வேயில் இருந்தார். பின்னாளில் சோத்பூரில் பிறந்த தமிழ்ப்பெண் மித்தாலி ராசுக்கும் நம் ரயில்வேயே வேலை தந்தது. 2006-இல்தான் இந்தியக் கிரிக்கெட் வாரியம் மகளிர் ஆட்டத்தைத் தன் பொறுப்பில் ஏற்றது. அவ்வாரியம் 2017-இல் சாந்தா அம்மையாருக்கு வாழ்நாள் சாதனை விருதளித்தது. பெண்ணொருவர் அதைப் பெற்றது அதுவே முதன்முறை. 2022-இல் ஆண்களுக்கு நிகரான ஆட்ட ஊதியம் பெண்களுக்கும் அறிவிக்கப்பட்டது: டெஸ்டுக்கு 15 இலட்சம் ரூபாய். 2025 நவம்பர் 2 அன்று நவி மும்பையில் நம் பெண்கள் தென்னாப்பிரிக்காவை வென்று உலகக் கோப்பையை ஏந்தினர். அவ்வணியிலும் ரயில்வே ஊழியர் இருந்தனர் என்று எம் அலுவலகத்தில் இனிப்பு வழங்கினோம்.

இனிப்பைக் கையில் வாங்கியபோதுதான் எம் குற்றம் நெஞ்சைச் சுட்டது. அதற்கு முந்திய ஆண்டு எம் மகள் பள்ளி அணியோடு வெளியூர் ஆட்டத்திற்குச் செல்ல இசைவு கேட்டாள். “இடமில்லை, அம்மா; முன்பதிவு முடிந்துவிட்டது” என்று சொல்லிவிட்டோம். முன்பதிவுச் சாளரத்தின் உட்புறம் அமர்ந்திருப்பவர் நாமே. அன்று அவ்வண்டியில் இடம் இருந்தது. பெண்பிள்ளையை இரவு வண்டியில் அனுப்ப அஞ்சினோம் என்று சொல்லியிருக்கலாம், அதையும் சொல்லவில்லை. அவளும் அதை நம்பிவிட்டாள்.

சுரங்கம் 2001-இல் மூடியபின், இந்தக் கோரமண்டலிலிருந்து நம் பெண்கள் நாள்தோறும் விடியுமுன் வண்டியேறிப் பெங்களூருக்கு வேலைக்குச் செல்கின்றனர். விளக்கு வைத்தபின் திரும்புகின்றனர். அதற்கு நாம் யாரும் அஞ்சியதில்லை. சம்பளத்திற்குப் போகும் வண்டிக்கு அஞ்சாத நாம், ஆட்டத்திற்குப் போகும் வண்டிக்கு மட்டும் ஏன் அஞ்சினோம்? எமக்கு விடை கிடைக்கவில்லை.

சென்ற வாரம் மகளிடம் உண்மையைச் சொன்னோம். இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் வந்து, அடுத்த மாதம் வேறோர் ஆட்டம் இருக்கிறது, போகலாமா என்றாள். படிவத்தை நாமே நிரப்பினோம். இரண்டு இடம்: ஒன்று அவளுக்கு, ஒன்று துணைக்குச் செல்லும் அவள் அன்னைக்கு. காத்திருப்போர் பட்டியலில் 4, 5 என்று வந்திருக்கிறது. இடம் உறுதியாகாவிட்டால் என்ன செய்வது என்று கேட்டோம். முன்பதிவில்லாப் பெட்டி இருக்கிறதே என்கிறாள்.