ஏலத்தில் எடுத்த நிலம்



கல்வராயன் மலையடிவாரத்திலிருந்து ஒரு விவசாயி பரிசோதனைக்கு மண் கொண்டுவந்தார். கோர்ட்டு ஏலத்தில் எடுத்த இரண்டு ஏக்கர்; மக்காச்சோளம் போடலாமா என்றார். இப்போது நிலத்தில் என்ன நிற்கிறது என்று கேட்டேன். பழைய சொந்தக்காரரின் மரவள்ளியாம்! மண்ணை ஓரமாக வைத்துவிட்டு, ஏலம் உறுதியான தேதியைக் கேட்டேன்.

ஏலம் முடிந்த உடனே நிலம் நம்முடையதாகிவிடாது. கால் பங்குத் தொகையை அங்கேயே கட்ட வேண்டும். மீதியை 15 நாளுக்குள். தவறினால் ஏலமே செல்லாது. கடன்காரர் 60 நாளுக்குள் கடனையும், ஏலத் தொகையில் நூற்றுக்கு 5 வீதமும் கட்டினால் நிலம் அவருக்கே நிலைக்கும். உங்கள் பணத்தோடு அந்த 5 வீதம் உங்களுக்கு வரும். மோசடி என்று மனுப் போடவும் அதே கெடுதான்.

பலர் ஏமாறுவது இதற்குப் பிறகு. ஏலம் உறுதியான நாளிலிருந்து ஓராண்டுக்குள் சுவாதீனம் கேட்டு மனுக் கொடுக்க வேண்டும். விற்பனைச் சான்றிதழ் கைக்கு வந்த நாளிலிருந்து அல்ல. 1996-ல் உச்சநீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லிவிட்டது.

மலைப்பகுதியில் அரசு நிபந்தனையோடு ஒப்படைத்த நிலமா? விற்கத் தடை உண்டா என்று ஏலம் கேட்குமுன்பே தாசில்தார் அலுவலகத்தில் விசாரியுங்கள்.

வந்தவருக்கு இரண்டு மாதக் கெடு பாக்கியிருந்தது. வக்கீலைப் பார்க்க அன்றே கள்ளக்குறிச்சிக்குப் பஸ் ஏறிவிட்டார். மண் முடிவைத் தபாலில் அனுப்பிவைத்தேன்.